ஐஸ்காரர் பிடித்த இடம்

காசிமேட்டில் என் விசைப்படகுக்கு ஐஸ் போட்டவர் அவர். அந்த ஐஸுக்கு நான் கொடுத்த செக் வங்கியிலிருந்து திரும்பியதும் என்மேல் கேஸ் போட்டவரும் அவர்தான். கட்டைகுட்டையான ஆள். ஐஸ் உடைத்து உடைத்து விரல்கள் வெளுத்துச் சுருங்கியிருக்கும்.

வாய்தா நாள்களில் இருவரும் ஒரே பஸ்ஸில்தான் பாரிமுனைக் கோர்ட்டுக்குப் போவோம். அவர் எனக்கு முன்னால் ஏறி, பக்கத்து சீட்டில் தன் ஈரத்துண்டைப் போட்டு எனக்கு இடம் பிடிப்பார். நான் தயங்கினால், "கேசு கோர்ட்டுலதான கீது நைனா? பஸ்ல இன்னா? குந்து," என்பார்.

சமாதானமாகப் போவதென்று பேசி முடித்திருந்தோம். ஆனால் மீன்பிடித் தடைக்காலத்தில் படகு கரையிலேயே கிடந்ததால், பேசிய தொகையில் பாதிதான் கையில் இருந்தது. கோர்ட்டு வராந்தாவில் அதைக் கொடுத்து, "பாதிதாண்ணே கீது," என்றேன். அவர் வாங்கி மடியில் செருகிக்கொண்டார்.

"பணம் முழுசா வந்துடுச்சா?" என்று நீதிபதி கேட்டார்.

"வந்துச்சுங்க ஐயா."

என் பக்கம் திரும்பாமலேயே ஐஸ்காரர் சொன்னார். கேஸ் முடிந்தது.

திரும்பும் பஸ்ஸில் நல்ல கூட்டம். வழக்கம்போல் துண்டைப் போட்டுவிட்டு, "வா நைனா," என்று கூப்பிட்டார். காதில் விழாதவன்போலப் படிக்கட்டருகே நின்றுகொண்டேன். கேஸ் நடந்தபோதெல்லாம் அவர் பக்கத்தில் உட்கார்ந்தவனுக்கு அன்று முடியவில்லை. நின்றவர்கள் சீட்டைக் கேட்டுச் சத்தம் போட்டார்கள்.

"ஆளு வர்றாருப்பா," என்று ஒவ்வொருவரிடமும் சொன்னார்.

காசிமேடு வரை அந்தத் துண்டை அவர் எடுக்கவில்லை.