இல்லாத வயரில் நடந்த ராஜ்ஜியம்

பிரவுசிங் சென்டர் நடத்தியவர்களுக்கு மேலே போனபின் தனியாக நரகம் கிடையாது என்று நான் நம்புகிறேன். “அக்கா, நெட் ஸ்லோவா இருக்கு” என்பதைக் கேட்டுக் கேட்டே எல்லாத் தண்டனையையும் இங்கேயே அனுபவித்து முடித்துவிட்டோம். இரண்டாயிரத்துச் சொச்சத்தில் காரைக்கால் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு சந்தில் அப்படி ஒரு கடை வைத்திருந்தேன். சில கம்ப்யூட்டர்கள், மழை வந்தால் வேலை செய்யாத ஒரு பிரிண்டர், கீபோர்டில் டீயைக் கொட்டிவிட்டு “முன்னாடியே ஈரமா இருந்துச்சுக்கா” என்று சொல்லும் வாடிக்கையாளர்கள். இதே தொழிலில் இதே பாடு பட்டவர்கள் இதைப் படிப்பீர்கள் என்று தெரியும். உங்களுக்கு எதையும் விளக்க வேண்டியதில்லை.

விளையாட வந்த பிள்ளைகளைப் பற்றி மட்டும் சொல்கிறேன். ரிசல்ட் பார்க்க வந்தவர்களைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தால் நானே அழுதுவிடுவேன்.

மூன்று ஊர், ஒரே ரூம்

பாலு, சிவா, செந்தில் மூவரும் காலேஜில் ஒன்றாகப் படித்தவர்கள். ஞாயிற்றுக்கிழமை மாலையானால் என் கடையில் அடுத்தடுத்து உட்கார்ந்து ராஜ்ஜியம் கட்டும் விளையாட்டு ஒன்றை ஆடுவார்கள். ஆளுக்கொரு தீவு. மரம் வெட்டி, வயல் போட்டு, மீன் பிடித்து ஊரை வளர்க்க வேண்டும். பிறகு சேனை திரட்டிக் கப்பலில் போய் அடுத்தவன் ஊரை இடிக்க வேண்டும். கடைக்குள் நான் இழுத்துவிட்டிருந்த லேன் வயரில் இணைந்திருந்தால்தான் ஒருவரோடொருவர் மோத முடியும்.

படிப்பு முடிந்தது. சிவாவுக்கு நாகப்பட்டினத்தில் வேலை கிடைத்தது. செந்தில் பிரான்சுக்குப் போனான். போன விதம்தான் சரியில்லை. காரைக்கால்மேட்டில் சொந்தமாகப் படகு வைத்திருந்த அவன் அப்பா கலியபெருமாள், ஒரே பையன் தனக்குப் பிறகு படகைப் பார்த்துக்கொள்வான் என்று இருந்தார். அவனோ நேஷனாலிட்டி உள்ள ஒரு பெண்ணைக் காதலித்து, ரிஜிஸ்டர் கல்யாணம் செய்துகொண்டு, அவளோடு பிளேன் ஏறிவிட்டான். எங்கள் ஊரில் நேஷனாலிட்டி என்றால் பிரான்சுக் குடியுரிமைதான். மற்ற நாடுகளை நாங்கள் கணக்கில் சேர்ப்பதில்லை. அன்றோடு அப்பா அவனிடம் பேச்சை நிறுத்திவிட்டார். வீட்டிலும் யாரும் பேசக்கூடாது என்று உத்தரவு. அவர்களுடைய காதல் மெயில்கள் என் கடையிலிருந்துதான் போய்வந்தன என்பதால், என்னைத் தெருவில் பார்த்தாலும் முகத்தைத் திருப்பிக்கொள்வார்.

பாலு மட்டும் கோட்டுச்சேரியிலிருந்து பஸ் ஏறி வந்து, தனியாகக் கம்ப்யூட்டரோடு மோதித் தோற்றுக்கொண்டிருந்தான். எனக்கே பார்க்கச் சகிக்கவில்லை. ஒருநாள் ‘வர்ச்சுவல் நெட்வொர்க்’ என்று ஏதோ ஒரு சாஃப்ட்வேரைக் கொண்டுவந்தான். நெட் வழியாகவே ஒரு பொய் லேன் போட்டுக் கொடுக்குமாம். மற்ற இரண்டு பேரும் அவரவர் ஊரில் அதைப் போட்டுக்கொள்ள, ஒரு ஞாயிறு முழுக்க மூவரும் போனிலும் சாட்டிலும் மாறி மாறித் திட்டிக்கொண்டார்கள். சாயங்காலம் திடீரென்று திரையில் மூன்று தீவுகளும் வந்தன. பாலு நாற்காலியில் சாய்ந்துகொண்டு சொன்னான்: “கேம் ஏமாந்துடுச்சுக்கா. நாங்க மூணு பேரும் ஒரே ரூம்லதான் இருக்கோம்னு நம்பிடுச்சு.”

பச்சைப் புள்ளி

அந்தச் சாஃப்ட்வேரில் யார் யார் இணைந்திருக்கிறார்கள் என்று ஓரத்தில் பெயர்கள் வரும். ஆள் வந்துவிட்டால் பெயருக்குப் பக்கத்தில் ஒரு பச்சைப் புள்ளி எரியும். இதைப் பாலு யாரிடம் பெருமையடித்தானோ, அடுத்த வாரமே செந்திலின் அம்மா தனலெட்சுமி வந்து நின்றார். மார்க்கெட்டில் மீன் விற்றுவிட்டு நேரே வந்திருந்தார். காலிக் கூடையை எங்கே வைப்பது என்று தெரியாமல் என் ஸ்கேனர் மேலேயே வைத்தார்.

அதற்குப் பிறகு ஒரு ஞாயிறும் தவறவில்லை. வருவார், பாலுவின் தோளுக்குப் பின்னால் நிற்பார், புள்ளியைப் பார்ப்பார். வேலைக்கு விண்ணப்பம் அடிக்க வந்தவர்கள் மூக்கைப் பொத்திக்கொண்டு என்னைப் பார்ப்பார்கள். நான் ஊதுவத்தியைப் பார்ப்பேன். ஒருநாள் எனக்கே பொறுக்கவில்லை. மைக்கை எடுத்து நீட்டி, “பேசுங்கம்மா, கேக்கும். வீட்டுக்குத் தெரியவா போவுது?” என்றேன். அவர் இரண்டு எட்டுப் பின்னால் போய்விட்டார். “வேணாம்மா. பேசமாட்டேன்னு அவருகிட்ட சத்தியம் பண்ணிட்டேன். பாக்கமாட்டேன்னு சொல்லலியே.”

காணாமல் போன ஒரு மணி நேரம்

மார்ச் மாதக் கடைசியில் ஒரு ஞாயிறு. வழக்கமான நேரம் வந்தது, சிவா வந்தான், செந்திலின் புள்ளி மட்டும் எரியவில்லை. பாலு போன் போட்டான், எடுக்கவில்லை. தனலெட்சுமி அம்மா புள்ளி வரும் இடத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். அவருடைய முகத்தைப் பார்த்துவிட்டு எனக்குக் கல்லாவில் உட்கார முடியவில்லை. நெட் ஸ்லோ, சர்வர் டவுன், லைன் பிரச்சினை என்று நம் தொழிலில் உள்ள பொய்களையெல்லாம் வரிசையாகச் சொன்னேன். வழக்கமாக எனக்கு நாலு பேரிடம் திட்டு வாங்கித் தரும் பொய்கள் அன்றைக்கு ஒருவரையும் தேற்றவில்லை. கடைசியில் அவர் கூடையை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

மறுநாள் செந்திலிடமிருந்து மெயில் வந்தது. அங்கே வெயில் காலம் வருகிறதென்று நாட்டில் உள்ள எல்லாக் கடிகாரத்தையும் ஒரு மணி நேரம் முன்னால் தள்ளி வைத்துவிடுவார்களாம். செந்தில் அவன் கடிகாரப்படி சரியாக, நம் கணக்கில் ஒரு மணி நேரம் முன்னாலேயே வந்து, ஒருவரும் இல்லாமல் ஒரு மணி நேரம் காத்திருந்து, “ஊர்ல எல்லாரும் என்னை மறந்துட்டாங்க” என்று கோபித்துக்கொண்டு மாமனார் வீட்டுக்கு விருந்துக்குப் போய்விட்டான். நான் மார்க்கெட்டுக்கே போய் அவன் அம்மாவிடம் விஷயத்தைச் சொன்னேன். கையில் இருந்த வாளை மீனைக் கீழே வைத்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். பிறகு நம்பாமல் கேட்டார்: “கவர்மெண்டே ஒரு மணி நேரத்த எடுத்துக்குதா? நம்ம ஊர்ல கரண்டத்தானே எடுப்பாங்க.”

பஸ்ஸில் வந்த எதிரி

கரண்ட் என்றதும் சிவா ஞாபகம் வருகிறான். நாகப்பட்டினத்தில் கரண்ட் போனால் காரைக்காலில் இருக்கும்; இது எங்கள் ஊர்க்காரர்களுக்கு ஒரு அற்ப சந்தோஷம். ஒருநாள் ஆட்டத்தின் நடுவே சிவாவின் தீவு அப்படியே நின்றுவிட்டது. பாலுவின் கப்பல்கள் அவன் கரையில் போய் நின்றிருந்த நேரம் பார்த்து. ஆள் இல்லாத ஊரை அடிப்பது ஆண்மையில்லை என்று பாலு ஆட்டத்தை நிறுத்தி வைத்தான். செந்திலும் சரி என்றான். அந்த இடைவெளியில் போய்ச் சட்டை இஸ்திரி போட்டுவிட்டு வந்தான்.

நாகூர் தாண்டி, வாஞ்சூர் தாண்டி, பஸ்ஸில் தொங்கிக்கொண்டு சிவாவே வந்து இறங்கினான். மூச்சு வாங்கிக்கொண்டு பாலுவுக்குப் பக்கத்துச் சிஸ்டத்தில் உட்கார்ந்தான். பாலுவிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. சாஃப்ட்வேரைத் திறந்து, பாஸ்வேர்டு போட்டு, நெட் வழியாக உள்ளே போய், “வந்துட்டேன்டா” என்று டைப் அடித்தான். முழங்கை இடிக்கிற தூரத்தில் இருந்த பாலு, “வாடா, எப்படி இருக்க?” என்று டைப் அடித்துப் பதில் போட்டான். பிரின்ட் எடுக்க வந்திருந்த நெரவி ஊர் வாத்தியார் ஒருவர் இதை ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். போகும்போது என்னிடம் மெதுவாகக் கேட்டார்: “ஏங்க, பக்கத்துல இருக்கவன்கிட்ட வாயால பேசினா உங்க கடையில தனியா சார்ஜ் பண்ணுவீங்களா?”

மவுசைப் பிடித்த சனி

பாலு எப்போதும் தோற்பான். நல்ல பையன், ஆனால் அவன் கட்டுகிற கோட்டையெல்லாம் எதிரிக்கு வசதியான இடத்தில்தான் நிற்கும். இது ஜாதகக் கோளாறு என்று அவன் வீட்டில் யாரோ சொல்ல, ஒரு சனிக்கிழமை திருநள்ளாறு போய்விட்டு வந்தான். எண்ணெய் தேய்த்து நளன் குளத்தில் முழுகி, உடுத்தியிருந்த துணியை அங்கேயே விட்டுவிட்டால் பீடை அதோடு போய்விடும் என்பது ஐதீகம். உங்களுக்கும் தெரிந்ததுதான்.

அந்த ஞாயிறு, பாலுவின் சிஸ்டத்தில் மவுசைக் காணவில்லை. மேஜைக்கு அடியில், கேபிள் கட்டுக்குள், மற்றவர்கள் பையில் எல்லாம் தேடினேன். ஒரு பாவமும் அறியாத ஒரு காலேஜ் பெண்ணைச் சந்தேகமாக வேறு பார்த்துத் தொலைத்தேன். பாலு நெற்றியில் விபூதியோடு நிதானமாக வந்தான். விஷயம் இதுதான்: தோற்றது துணியால் இல்லை, மவுசால்தான் என்று அவனுக்குத் தோன்றியிருக்கிறது. வெள்ளிக்கிழமையே கழற்றி எடுத்துப்போய், துணியோடு சேர்த்துக் குளக்கரையில் விட்டுவிட்டான். போய் எடுத்துக்கொண்டு வாடா என்று கத்தினேன். அவன் பதறிப்போய்க் காதைப் பொத்திக்கொண்டான். “அப்படிச் சொல்லாதீங்கக்கா. அதைத் தொட்டா இனிமே உங்களுக்குத்தான் பிடிக்கும்.”

சேனை இல்லாத ராஜா

மீன்பிடித் தடைக்காலம் வந்தது. படகுகள் எல்லாம் கரையில். வீட்டிலேயே இருந்த கலியபெருமாளுக்கு, ஞாயிற்றுக்கிழமை மட்டும் மனைவி தாமதமாக வருவது கண்ணில் பட்டுவிட்டது. ஒருநாள் பின்னாலேயே வந்துவிட்டார். வாசலில் செருப்பைக் கழற்றியவரைப் பார்த்ததும், கடையில் எதெல்லாம் உடையும் என்று மனசுக்குள் கணக்குப் போட்டேன். தனலெட்சுமி அம்மா கூடையோடு பிரிண்டருக்குப் பின்னால் ஒதுங்கினார். செந்தில் அப்போது இன்னும் வந்திருக்கவில்லை. பாலு தனியாகப் பழகிக்கொண்டிருந்தான். திரையில் அவனுடைய படகுகள் மீன் பிடித்துக்கொண்டிருந்தன.

கலியபெருமாள் சண்டை போடவில்லை. திரையையே பார்த்தார். “இத்தன போட்டையும் ஒரே எடத்துல உட்டா மீனு எப்படிடா நிக்கும்? வெளியில கொண்டு போ,” என்றார். பாலு கொண்டுபோனான். மீன் கொட்டியது. பயத்திலோ புத்திசாலித்தனத்திலோ பாலு எழுந்து, “நீங்களே உக்காருங்க பெரியப்பா,” என்று நாற்காலியைக் கொடுத்துவிட்டான். அடுத்த ஞாயிறும் வந்தார். அதற்கடுத்த ஞாயிறும் வந்தார். எதிரில் விளையாடுவது யார் என்று அவர் கேட்டார். “யாரோ நெட்டுல வர்றவங்க” என்று நான் சொல்லிவிட்டேன்; ஓரத்தில் இங்கிலீஷில் இருந்த பெயர் அவருக்குப் படிக்கத் தெரியாது. பாலு ஹெட்செட்டைத் தன் தலையில் மாட்டிக்கொண்டு, சத்தம் வெளியே வராமல் பார்த்துக்கொண்டான். தனலெட்சுமி அம்மா இப்போது புருஷனுக்குப் பின்னால் நின்றே புள்ளியைப் பார்த்தார். சத்தியம் பத்திரமாக இருந்தது. நான்தான் ஒவ்வொரு வாரமும் ஸ்பீக்கர் வயர் கழன்றே இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தேன். இவர் கண்டுபிடித்து எழுந்து போய்விட்டால் அந்த அம்மாவுக்குப் புள்ளியும் இல்லாமல் போகும்.

கடைசியில் காட்டிக்கொடுத்தது என் கடைதான். ஹெட்செட் ஒரு ஞாயிறு உயிரை விட்டது. வேறு வழியில்லாமல் ஸ்பீக்கரையும் மேஜை மைக்கையும் மாட்டினோம். கலியபெருமாள் மும்முரமாகப் படகு கட்டிக்கொண்டிருந்தார். எத்தனையோ தடவை சொல்லிக் கொடுத்தும் அவர் ஒரு சிப்பாயைக்கூட உருவாக்கியதில்லை. இருக்கிற மரமெல்லாம் படகுக்குத்தான். அந்தத் தீவின் கரைக்குப் போர்க்கப்பல்களோடு வந்த செந்திலின் குரல் கடை முழுக்கக் கேட்டது. “டேய் பாலு, என்னடா ஒரு சோல்ஜர்கூட இல்ல, ஊரெல்லாம் படகா கட்டி வச்சிருக்க? எங்க அப்பா மாதிரியே ஆயிட்டியாடா?”

கலியபெருமாளின் கை மவுசிலேயே இருந்தது. ஸ்பீக்கரைப் பார்த்தார், மனைவியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன். பிறகு மைக்கைக் கிட்டே இழுத்து, “அப்பாதான்டா. கப்பலத் தள்ளி நிறுத்து, வலையில மாட்டிக்கும்,” என்றார்.

கப்பல்கள் பின்வாங்கின. லைன் போய்விட்டதோ என்று நான் மோடத்தைப் பார்த்தேன். அப்புறம், மூக்கை உறிஞ்சுகிற சத்தத்தோடு, “ஆகஸ்டுல லீவுப்பா. வரட்டுமா?” என்று செந்தில் கேட்டான். கலியபெருமாள் மறுபடி மவுசைப் பிடித்தார். மைக் திறந்தே இருப்பது அவருக்கு நன்றாகத் தெரியும். கண் கலங்கியதை மறைக்கத் திரைக்குள் தலையை விடுவதுபோலக் குனிந்து, இன்னொரு படகுக்கு மரம் வெட்ட ஆளை அனுப்பிக்கொண்டே, என்னிடம் சொன்னார்: “ஏம்மா, அவன்கிட்ட சொல்லு, வர்றப்ப அந்தப் பொண்ணையும் கூட்டிக்கிட்டு வரச் சொல்லு. எனக்கு இப்ப கையில வேலை இருக்கு.”

பிரவுசிங் சென்டர் வைத்திருந்த இத்தனை வருஷத்தில் கம்ப்யூட்டரைப் பற்றி நான் கற்றுக்கொண்டது கொஞ்சம்தான், பக்கத்துப் பக்கத்தில் இருப்பவர்களை இணைக்கத்தான் வயர் ரொம்ப நீளமாக வேண்டியிருக்கிறது என்பதை மட்டும் நன்றாகக் கற்றுக்கொண்டேன்.