ஏழாம் விதியும் இரண்டாம் பரிசும்

"பேச்சுச் சுற்றில் போட்டியாளரின் வட்டார உச்சரிப்பைக் காரணம் காட்டி மதிப்பெண் குறைக்கக் கூடாது." திறமைப் போட்டி விதிகளில் இது ஏழாவது. எழுதியவன் நான். தாலுகா அலுவலகத்தில் ஓய்வு பெற்றவனை ஊர் இதற்குத்தான் தேடும்.

பிளஸ் டூ முடித்த பெண்களுக்கான போட்டி. முதலாவதாக வருபவளின் கல்லூரிக் கட்டணம் முழுவதும் போட்டியை நடத்தும் அறக்கட்டளையின் பொறுப்பு. இரண்டாவதாக வருபவளுக்கு ஒரு குத்துவிளக்கு.

கேரள எல்லையை ஒட்டிய அருமனையில் என் அடுத்த வீட்டுப் பெண்ணும் போட்டிக்குப் போனாள். அம்மா ரப்பர் மரத்தில் பால் வெட்டுகிறவள், அப்பா இல்லை. பெண்ணுக்கு வேதியியல் படிக்க ஆசை. இந்தப் பரிசை விட்டால் வேறு வழியில்லை. சிலம்பத்தில் அவள்தான் முதல், பொது அறிவிலும். பேச்சுச் சுற்றில், ரப்பர் பால் அமிலம் பட்டதும் ஏன் உறைகிறது என்று விளக்கினாள். எங்கள் மேற்குப் பக்கத்து ராகத்தோடு விளக்கினாள்.

வெளியூர் நடுவர், தொலைக்காட்சியில் செய்தி வாசித்தவர், மைக்கைப் பிடித்தார். "நீங்க கேரளாவாம்மா?"

அரங்கம் சிரித்தது. வீட்டில் அதே ராகத்தில் மீனுக்கு விலை பேசுகிறவர்கள்தான் சிரித்தார்கள். எனக்குப் பின்னால் ஒரு தாய் தன் மகளிடம், "கேட்டியா மக்கா? இதுக்குத்தான் உன்னைப் பேச்சு டியூஷனுக்கு விட்டேன்" என்றாள்.

உச்சரிப்புக்காக மதிப்பெண் வெட்டப்பட்டது. அவள் இரண்டாவது.

விதித்தாளோடு எழுந்தேன். அமைப்பாளர், வளைகுடாவிலிருந்து திரும்பி ஜவுளிக்கடை வைத்தவர், ஓடி வந்து கையைப் பிடித்தார். "சாரே, மேடையில வச்சு வேண்டாம். எழுதிக் குடுங்க, கமிட்டியில வச்சுப் பாப்போம்."

பணிக்காலம் முழுக்க நான் பிறருக்குச் சொன்ன வாக்கியம். அதன் பொருள் எனக்குத் தெரியாதா? இருந்தும் எழுதினேன். நினைவூட்டுக் கடிதமும் எழுதினேன்.

"எனக்க பிள்ளை பேசினது எல்லாருக்கும் விளங்கிச்சில்லா?" என்றாள் பெண்ணின் அம்மா. "பின்ன என்ன கொறஞ்சு போச்சு? சாருக்க விதியை அடுப்புல வையுங்க."

பெண் மட்டும் தினமும் மதிலருகே வந்து, "பதில் வந்தாச்சா சாரே?" என்று கேட்டாள். கல்லூரிச் சேர்க்கை முடிந்தது. அதன் பிறகு கேட்கவில்லை. முந்திரி ஆலைக்கு, எங்கள் பேச்சில் அண்டி ஆபீஸுக்கு, பருப்புத் தோலுரிக்கப் போனாள்.

கமிட்டியின் பதிலில் குற்றம் சொல்ல ஒன்றுமில்லை. ஏழாம் விதி மீறப்பட்டது உண்மை. அந்தப் பெண்ணே முதலாவது. நடப்புக் கல்வியாண்டில் சேர்ந்ததற்கான சான்றிதழைத் தந்தால் கட்டணம் செலுத்தப்படும். கையெழுத்தும் முத்திரையும் இருக்க வேண்டிய இடத்தில் இருந்தன. வந்து சேர்ந்தது சேர்க்கை முடிந்து ஒரு மாதம் கழித்து, திருவோணத்துக்கு மறுநாள்.