'தருகிறேன்' என்று சொன்னது யார்?

என் மனைவியையும் மகளையும் யாழ்ப்பாணத்தில் சிக்க வைத்தது நீர்தான். பாதையைப் பூட்டியவர்கள் மேல் எனக்கு இருக்கும் கோபம் வேறு. இது உமக்கு.

சமாதானப் பேச்சுக் காலத்தில் நாங்கள் எல்லோரும் நடுவராக வந்த அந்த நோர்வேக்காரரின் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தோம். பிரெஞ்சு பேசும் இந்த நகரில், கோட்-டெ-நெய்ஜில் எங்கள் வீட்டில் இரண்டு குடும்பம் சேர்ந்திருந்து செய்தி பார்ப்போம். அவர் விமானத்திலிருந்து இறங்குவார், கை குலுக்குவார், உள்ளே போவார், வெளியே வந்து மைக்குகளுக்கு முன்னால் நிற்பார். சிரித்தால் நல்லதாம். சிரிக்காவிட்டால் இன்னும் நல்லதாம், உள்ளே பெரிய விஷயம் ஏதோ நடக்கிறதாம். என் மச்சான் அவருடைய கழுத்துப்பட்டியின் நிறத்திலும் சாத்திரம் பார்த்தான். எனக்கு எரிச்சல்தான் வரும். ஆனாலும் நானும் பார்த்தேன்.

நீர் அந்தக் காட்சிகளை வெட்டி ஒட்டி, லாசாலில் இருந்து டிவிடி வெளியிட்டீர். அவர் வாயைத் திறந்ததும் அவர் குரல் தாழும், தமிழில் உமது குரல் எழும்பும். 'யாழ்ப்பாணப் பாதை திறந்தே இருக்கும் என்று நம்பிக்கை தருகிறேன்.' மண்டபத்தில் போட்டபோது சனம் கை தட்டியது. என் மனைவி அழுதாள். அவளுடைய அம்மா ஊரில் படுக்கையில் கிடந்தார். போகலாமா என்று ஒரு வருடமாகத் தடுமாறியவள், "அந்த மனுசனே நம்பிக்கை தாறன் எண்டிட்டார், இனி என்னப்பா?" என்றாள். கோடை விடுமுறைக்கு மகளையும் கூட்டிக்கொண்டு போனாள். ஆவணியில் பாதையைப் பூட்டினார்கள். அங்கிருந்து வெளியேறக் கப்பலில் இடம் கிடைக்க மூன்று மாதம் ஆனது. தொலைபேசி வேலை செய்த நாட்களில் மகள் கேட்டது ஒன்றுதான்: வகுப்பில் தன் கதிரையில் வேறு பிள்ளை இருக்கிறதா?

அடுத்த வருடம் பிரெஞ்சுத் தொலைக்காட்சியில் ஒரு விவரணப்படம் போனது. அதே மனிதர், அதே மைக்குகள், அதே பேச்சு. கீழே பிரெஞ்சு எழுத்து ஓடியது. மகள் வாசித்தாள்.

"அப்பா, இவர் தாறன் எண்டு சொல்லேல்லை. ஜெஸ்பேர் எண்டுதான் போட்டிருக்கு."

"அப்பிடியெண்டா?"

"அப்பிடி நடந்தா நல்லம் எண்டு நினைக்கிறார். அவ்வளவுதான்."

உம்மைத் தமிழ்க் கடையில் பிடித்துக் கேட்டேன். "அண்ணை, அதுவும் நம்பிக்கை, இதுவும் நம்பிக்கை. தமிழிலை ஒரு சொல்தானே" என்று சிரித்தீர். ஒரு சொல்தான். அவருக்கு நம்பிக்கை இருந்தது. அதை அவர் எங்களுக்குத் தரவில்லை, நீர் தந்தீர். சனம் சோர்ந்துபோகக் கூடாது என்றுதான் அப்படிச் சொன்னீராம். சனம் சோர்ந்திருந்தால் என் பிள்ளை இங்கே பள்ளிக்கூடம் போயிருக்கும்.

பிறகு முருங்கைக்காய்ப் பெட்டிக்குப் பக்கத்தில் நின்று என் காதுக்குள் மன்னிப்புக் கேட்டீர். அது எனக்கு வேண்டாம். டிவிடி போட்ட அதே மண்டபத்துக்கு வாரும். கை தட்டிய அதே சனத்துக்கு முன்னால் மைக்கைப் பிடியும். என் மனைவி முன்வரிசையில் இருப்பாள். 'தருகிறேன்' என்று சொன்னது அவரா, நீரா? சொல்லும்.