சூயஸைச் சுற்றி வந்த மாப்பிள்ளை

அந்தத் தீபாவளிக்குப் பாகூர் கடைத்தெருவில் வெடித்த பட்டாசைவிட டீக்கடை ரேடியோவில் வெடித்த குண்டுகள் அதிகம். சூயஸ் கால்வாயை எகிப்து எடுத்துக்கொண்டுவிட்டது. சாம்ராஜ்யம் கரைந்துகொண்டிருந்த பிரிட்டனும் பிரான்சும் மிச்சமிருந்த பெரிய மனுஷத்தனத்தைக் காட்டப் படை அனுப்பியிருந்தன. பிரெஞ்சுக்காரன் எங்களை விட்டுப் போய் இரண்டு வருஷம் ஆகியிருந்தது. ஆனாலும் சண்டை நேராக எங்கள் வீட்டுக் கல்யாணத்தில் வந்து விழுந்தது. அக்காவுக்கு நிச்சயித்த மாப்பிள்ளை பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தார். கல்யாணம் கார்த்திகையில். லீவில் ஊர் வர பிரான்சில் அவர் ஏறிய கப்பல் அந்தக் கால்வாய் வழியாகத்தான் வரவேண்டும்.

மாப்பிள்ளையின் அப்பாவும் பழைய சொல்தா, அதாவது பிரெஞ்சுச் சிப்பாய்; எங்களுக்குச் சொல்தா மாமா. அதே பட்டாளத்தில் இருந்து ஓய்வு பெற்றவர். ரேடியோவுக்கு எதிர் பெஞ்சில் முதல் இடம் அவருடையது.

"இன்னாபா பயம்? எங்காளுங்க எறங்கிட்டானுங்க. ரெண்டே நாளு, கால்வா தொறந்துடும்!"

"இங்கேந்து மூட்ட கட்டிக்கினு போனவனுங்க, அங்க போயி இன்னாத்த தொறப்பானுங்க பெரிசு?" என்றார் டீ ஆற்றிக்கொண்டிருந்த கடைக்காரர். கடையே சிரித்தது.

எகிப்துக்காரர்கள் கப்பல்களை மூழ்கடித்துக் கால்வாயை அடைத்துவிட்டார்கள். வேறெதிலும் ஒத்துப்போகாத அமெரிக்காவும் ரஷ்யாவும் இதில் மட்டும் ஒரே குரலில் "வெளியே போ" என்றன. சண்டை நின்றது, கால்வாய் திறக்கவில்லை. மாப்பிள்ளையின் கப்பல் ஆப்பிரிக்காவைச் சுற்றி வருவதாகத் தந்தி வந்தது. முகூர்த்தம் போயிற்று. பந்தலில் ஆடு கட்டினோம்.

மாப்பிள்ளை இளைத்து, கறுத்து, சிரித்துக்கொண்டே வந்து சேர்ந்தபோது மார்கழி. மார்கழியில் தாலி கட்ட எங்கள் ஊரில் யாரும் சம்மதிக்கமாட்டார்கள். தை வரை அவரால் காத்திருக்க முடியாது. திரும்பும் கப்பலும் ஆப்பிரிக்காவைச் சுற்றித்தான் போகும். லீவு முடிவதற்குள் போய்ச் சேர, பொங்கலுக்கு முன்பே ஏறியாக வேண்டும். அடுத்த லீவு சில வருஷம் கழித்துத்தான்.

"அடுத்த தபா வரட்டும், பாத்துக்கலாம்" என்றார் அப்பா.

அக்கா சமையல்கட்டிலிருந்து கரண்டியோடு வந்தாள்.

"டேய், உங்க மேரில மார்கழி உண்டா?"

மேரி என்பது கொம்யூன் அலுவலகம், ஊராட்சி மாதிரி. நான் அங்கே புது எழுத்தர். பிரெஞ்சுச் சட்டப்படி அங்கே கையெழுத்துப் போட்டால் கல்யாணம் முடிந்தது. அந்தச் சட்டம் இன்னும் நடப்பில் இருந்தது. திருமண அறிவிப்பை ஐப்பசியிலேயே வாசலில் ஒட்டியிருந்தோம். அது ஒரு வருஷம் செல்லும். சட்டத்தில் ஞாயிற்றுக்கிழமை உண்டு, மார்கழி கிடையாது.

"கெடையாதுக்கா."

"அப்ப நாளைக்கே கையெழுத்து. பொண்டாட்டின்னு ஆயிட்டா என்னையும் கூட்டிக்கினு போவலாம் இல்ல?"

மாப்பிள்ளை வேகமாகத் தலையாட்டினார். "தாலிடி?" என்று அலறினாள் அம்மா.

"குடு, எடுத்துக்கினு போறேன். கப்பல்ல மட்டும் தை பொறக்காதா?"

சொல்தா மாமா துள்ளி எழுந்து சல்யூட் அடித்தார். "சூயஸ்ல வுட்டத இங்க புடிச்சிட்டோம்டா!"

அந்த வாரம் அக்காவின் தாள்களைப் போல வேறெந்தத் தாளையும் என் உத்தியோகத்தில் நான் அவ்வளவு வேகமாக நகர்த்தியதில்லை. மேலதிகாரிகள் அதைப் பிற்பாடு எனக்கு அடிக்கடி நினைவூட்டினார்கள்.

மாசியில், மாப்பிள்ளையோடு கப்பலேறிப் போன அக்காவிடமிருந்து கடிதம் வந்தது. தை முதல் நாள், சுற்றிலும் கரையே தெரியாத கடலில், மேல்தளத்தில் தாலி கட்டினாராம். மேளத்துக்குக் கப்பல் சமையல்காரர்கள் அண்டாவைத் தட்டினார்களாம். டீக்கடையில் அதை உரக்கப் படித்தேன். கடைக்காரர் எல்லோருக்கும் டீ கொடுத்தார், சொல்தா மாமாவுக்கு இரண்டு.

வீட்டில் அம்மாவுக்கு ஒரே சந்தேகம்.

"தை பொறந்தது கப்பல் மணிக்கா, நம்மூரு மணிக்கா?"