படுக்கைக்கு மேலே ஒரு கொக்கி

எங்கள் வீட்டுக் கான்கிரீட் கூரையில் அப்பா இரண்டு துளைகள் போட்டார். முதலாவதில் உள்ளே இரும்புக் கம்பி தடுத்ததால் பாதியில் விட்டுவிட்டார். அதற்கு இரண்டு அங்குலம் தள்ளி இரண்டாவது. இரண்டும் அம்மா பாய் விரிக்கும் இடத்துக்கு நேர் மேலே.

அப்போது எனக்குப் பத்து வயது. கேமரன் மலையில் எங்கள் தேயிலைத் தோட்டத்துத் தொழிலாளர்கள் குடியிருந்த பலகை லயங்களை எண்பதுகளின் தொடக்கத்தில் இடித்துவிட்டு, மாடி வைத்த கல் வீடுகள் கட்டியிருந்தார்கள். நாங்கள் கீழே. மேலே இருந்தவரை அத்தை என்று கூப்பிடுவோம். உறவு ஒன்றும் இல்லை.

அந்த மழைக்காலத்தில் அம்மாவுக்கு ஏதோ ஆகியிருந்தது. எல்லோரும் சுவெட்டருக்குள் சுருண்டிருக்கும்போது, சமைத்துக்கொண்டிருந்த அம்மா திடீரென்று சுவெட்டரைக் கழற்றி எறிந்துவிட்டு வெளிக்குழாய்க்கு ஓடுவார். விரல் மரத்துப்போகும் தண்ணீரை முகத்திலும் கழுத்திலும் அடித்துக்கொண்டு, "நெருப்பாட்டம் எரியுது" என்பார். ஐந்து நிமிடம் கழித்துப் போர்வை கேட்பார். கொழுந்து பறிக்கும் காட்டிலும் இப்படித்தானாம். குழாயடியில் மேல்வீட்டு அத்தை இன்னொரு பெண்ணிடம் சொன்னது என் காதில் விழுந்தது.

"இது சரிப்படாதுலா. தஞ்சோங் ரம்புத்தானுக்குத்தான் அனுப்பணும்."

அங்கே இருப்பது பைத்தியக்கார ஆஸ்பத்திரி என்று எனக்குத் தெரியும். அனுப்பாவிட்டால் என்ன செய்வார்கள் என்பதும் தெரியும். பக்கத்து ஊரான திரிங்காப்பில் ஒருவரை வீட்டுக்குள்ளேயே சங்கிலியால் கட்டிப் போட்டிருப்பதாகப் பள்ளியில் பேச்சு.

அடுத்த ஞாயிறு காலை, அம்மா ரிங்லெட் கடைத்தெருவுக்குப் போன பிறகு, ஈப்போவிலிருந்து திரும்பிய காய்கறி லோரி ஒன்று சாக்கில் சுற்றிய ஒரு பெட்டியை இறக்கிவிட்டுப் போனது. கனமான பெட்டி. "தொடாத" என்றார் அப்பா. அவர் தேயிலைத் தொழிற்சாலையில் இயந்திரம் பழுதுபார்ப்பவர். அங்கிருந்து இரவல் வாங்கிய டிரில்லோடு மேசைமேல் ஏறினார். மூலைக்கு மூலை குறுக்கே நூல் கட்டி, நூல்கள் வெட்டிக்கொண்ட இடத்தில் பென்சிலால் குறித்தார். பிறகு வீடே அதிர்ந்தது. சிமெண்டுத் தூள் அவர் தலையை ஒரு நொடியில் நரைக்க வைத்தது.

மேல்வீட்டு அத்தை இறங்கி வந்தார். "அண்ணே, கெணறு மேல் நோக்கியா தோண்டுறீங்க?"

"தண்ணி வந்தா உனக்கும் ஒரு வாளி."

ஜன்னல் விளிம்பில் என் கட்டைவிரல் தடிமனில் ஓர் இரும்புக் கொக்கி இருந்தது. அதைப் பார்த்ததும் எனக்கு எல்லாம் புரிந்துவிட்டது. மேலே கொக்கி, கீழே அம்மாவின் பாய், பெட்டிக்குள் சங்கிலி. அப்பா அடுத்த துளைக்குத் திரும்பியபோது கொக்கியைப் பாவாடைக்குள் மறைத்துக் கொண்டுபோய்ப் பின்பக்கச் சாக்கடையில் போட்டேன்.

அப்பா வீடு முழுக்கத் தேடினார். பிறகு தொழிற்சாலைக்குப் போய் இன்னொன்று வளைத்துக்கொண்டு வந்தார். அதை முடுக்கிக்கொண்டிருந்தபோது அம்மா திரும்பி வந்தார். நான் வாசலிலேயே அவர் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"உள்ள போவாதம்மா. அப்பா உன்னக் கட்டிப் போடப் போறாரு. பைத்தியம்னு சொல்லிக்கிறாங்க."

அப்பா மேசைமேல் அப்படியே நின்றார். முகம் முழுக்கத் தூள். கண்கள் மட்டும் தெரிந்தன. அவர் அப்படி அதிர்ந்து நான் அதற்கு முன்னும் பின்னும் பார்த்ததில்லை.

அம்மாதான் சிரித்தார். "கட்டிப் போட்டா யாரு சமைக்கிறதாம்?"

அப்பா இறங்கி வந்து பெட்டியைப் பிரித்தார். உள்ளே மூன்று இறக்கைகள். கூரையில் மாட்டும் மின்சாரக் காத்தாடி. எங்கள் தோட்டத்தில் ஒரு வீட்டிலும் கிடையாது. துரை பங்களாவில்கூடக் குளிர்காயும் அடுப்புதான்.

"இந்தக் குளிருல காத்தாடியா? அப்ப ரெண்டு பேரையும் சேத்துத்தான் அனுப்பணும்லா" என்றார் மறுபடி இறங்கி வந்த அத்தை, இம்முறை எங்கள் முகத்துக்கு நேரே.

மாலையில் காத்தாடி சுற்றியது. நானும் அப்பாவும் கம்பளித் தொப்பியும் போர்வையுமாக நடுங்கிக்கொண்டிருந்தோம். அம்மா அதற்கு நேர் கீழே கண்ணை மூடி உட்கார்ந்திருந்தார். ஏன் என்று கேட்டேன். "உங்கம்மாவுக்கு வேணும்" என்றதோடு அப்பா நிறுத்திக்கொண்டார்.

மாதவிடாய் நிற்கும் வயதில் உடம்பில் அப்படி ஒரு தீ வந்து போகும் என்று, எனக்கும் அது வந்த ஐம்பது வயதில்தான் தெரிந்தது. அது தெரிந்த நாளின் நாட்குறிப்பில் அதை எழுதி, கீழே ஒரு கேள்வியும் எழுதி வைத்தேன். பெண்கள் தங்களுக்குள்கூடப் பேசிக்கொள்ளாத அந்த விஷயத்தை, கூச்சத்தில் பாதி வார்த்தையை விழுங்கிவிடும் என் அப்பா, யாரிடம் போய்க் கேட்டார்?