இன்னொரு டம்ளர் தண்ணீர்

போன வாரம் மரக்காணம் பக்கம், உப்பைக் குவித்து ஓலை போட்டு மூடியிருக்கிற இடத்துக்கு எதிரே, புதுசாய் வந்த மோமோ கடையில் நின்றேன். கடைக்காரர் நேபாளத்துக்காரர். பக்கத்தில் மாவு பிசைந்த பெண்ணைக் காட்டி, "வீட்டுக்காரம்மாங்களா?" என்றேன். "லவ் மேரேஜ் அண்ணா, வேற வேற சாதி" என்று ரோட்டுக்கே கேட்கிற மாதிரி சொன்னார். சட்னியில் வறுத்த எள் வாசனை வேறு. மனசு சும்மா இருக்குமா? மாயாவிடம் ஓடிவிட்டது.

இதே ரோட்டில் ஒரு ஓட்டலில் நான் கல்லாவில் உட்கார்ந்திருந்த காலம். பெரிய முதலாளி என்று நினைத்துவிடாதீர்கள். பில் கிழிப்பேன், ஈ ஓட்டுவேன், அவ்வளவுதான். வீர் டேபிள் பார்த்தான், அவன் மனைவி மாயா சமையல்கட்டில். நேபாளத்திலிருந்து ஓடிவந்த ஜோடி. அவள் மேல்சாதி, அவன் தையல்காரச் சாதி. அவன் கை பட்ட தண்ணீரை அவள் வீட்டில் குடிக்க மாட்டார்களாம். அண்ணன் தேடுகிறான் என்று சேதி வந்ததிலிருந்து, வாசலில் பஸ் நின்றாலே அவளுக்கு முகம் வெளுத்துவிடும்.

வெங்காயம் உரிக்கும்போது ஊர்க் கதை சொல்வாள். எல்லாக் கதையிலும் சாதி மாறிக் காதலித்தவர்கள் ஆற்றில் விழுவார்கள், இல்லாவிட்டால் மலையில் கல்லாகி நிற்பார்கள். எனக்கு எரிச்சலாய் வரும்.

"ஏம்மா, ஒரு கதையிலயாவது ரெண்டு பேரும் நல்லா இருக்க மாட்டாங்களா?"

"நல்லா இருந்தா எங்க ஊர்ல அதைக் கதையா சொல்ல மாட்டாங்க அண்ணா."

ஒரு மத்தியானம் பையும் கையுமாய் ஒருவன் வந்து மாயாவின் போட்டோவை என் முன்னால் வைத்தான். அண்ணன்தான். எனக்குத் தெரிந்த அரைகுறை இந்தியும் மறந்துபோய், "நஹி, நஹி" என்று தலையை ஆட்டினேன். அதற்குள் வீர், யாரென்று தெரியாமல், வழக்கம்போல டம்ளரில் தண்ணீர் கொண்டுவந்து வைத்துவிட்டான். அவன் வேறு ஊர்க்காரன். அண்ணன் அவனைப் பார்த்ததே இல்லை. வெயிலில் வந்த மனுஷன் ஒரே மூச்சில் குடித்தான்.

ஒளிந்துகொள்வாள் என்று பார்த்தால், மாயா நேராய் வெளியே வந்தாள். வீரைக் காட்டி அவள் பாஷையில் ஏதோ சொன்னாள். "உனக்குத் தண்ணி குடுத்தது என் வீட்டுக்காரர்தான்னு சொன்னேன்" என்று பிற்பாடு எனக்குச் சொன்னாள்.

அண்ணன் டம்ளரையே பார்த்துக்கொண்டிருந்தான். அப்புறம் அதை வீரிடமே நீட்டி, இன்னொரு டம்ளர் கேட்டான்.

அப்பாடா, போன உயிர் எனக்குத் திரும்பி வந்தது. மாயா அழுதுகொண்டே அண்ணனுக்குச் சோறு போட்டாள்.

ரோட்டை அகலப்படுத்தியதில் அந்த ஓட்டல் போய்விட்டது. அவர்கள் இப்போது பெங்களூரில் நன்றாகவே இருக்கிறார்கள். எங்கள் வீட்டுத் தோட்டத்து மாடத்தில், உப்பளத்து ஆட்களுக்கென்று அம்மா ஒரு தனி டம்ளர் வைத்திருந்தாள். அதுவும் இப்போது இல்லை. மாயாவின் அண்ணன் வந்த அன்று சாயங்காலமே எடுத்துப்போய்க் கழுவெளி ஏரியில் வீசிவிட்டேன்.

"டம்ளர் எங்கடா?" என்றாள் அம்மா.

"தொலைஞ்சிடுச்சிம்மா."

மறுநாள் உப்பளத்திலிருந்து அஞ்சலை வந்து தண்ணீர் கேட்டபோது, நாங்கள் குடிக்கிற டம்ளரில்தான் அம்மா கொடுத்தாள். முணுமுணுத்துக்கொண்டேதான். ஆனால் கொடுத்தாள்.