தமிழைக் காப்பாற்றிய சனிக்கிழமை

மயிலாப்பூரில் ஒரு மாடி அறையில் சனிக்கிழமைதோறும் நாங்கள் பதினைந்து பேர் கூடித் தமிழைக் காப்பாற்றிக்கொண்டிருந்தோம். அங்கே உட்கார்ந்தபடியேதான் என் அப்பாவைச் சாகக் கொடுக்கப் பார்த்தேன். இது நடந்து இரண்டு வருடமாகிறது.

தலைவர் ஓய்வுபெற்ற வங்கி அதிகாரி. அன்றைக்கு அவருடைய எதிரி 'பண்ணு'. எந்த ஆங்கில வினையானாலும் வாலில் 'பண்ணு' ஒட்டித் தமிழாக்கிவிடுகிறார்களாம், இலக்கணமே குட்டிச்சுவராம். பேசி முடித்து, "ஃபேனை ஆஃப் பண்ணுங்கோ, பேப்பர் பறக்கறது" என்றார். யாரும் சிரிக்கவில்லை. நானும்தான்.

தெலுங்கும் உருதும் ஆங்கிலமும் தலைமுறை தலைமுறையாக ஒரே தெருவில் புழங்கிய ஊரில் பேச்சு மாறாமல் வேறென்ன செய்யும்? 'பண்ணு' எங்கே ஒட்டும், எங்கே ஒட்டாது என்று எந்தப் பள்ளியிலும் பாடம் கிடையாது. நான்கு வயதுக் குழந்தை பிழையில்லாமல் ஒட்டுகிறது. அதுவும் இலக்கணம்தான் என்று இன்று எழுதுகிறேன். அன்றோ, பதினொரு வயது மகள் ஆங்கிலம் கலந்து பேசினால் பதில் சொல்வதில்லை என்று வீட்டில் சட்டம் வைத்திருந்தேன்.

வீட்டில் அப்பாவும் மகளும் மட்டும்தான் இருந்தார்கள். ஃபோன் அடித்தது. மகள்.

"அம்மா, தாத்தா ரெஸ்பாண்டே பண்ண மாட்டேங்கறார்."

எல்லோரும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். "தமிழ்ல சொல்லு" என்றேன்.

"அம்மா, ப்ளீஸ்! அவர் வாய் ஒரு மாதிரி..."

"முதல்ல சொன்னதைத் தமிழ்ல சொல்லு."

வைத்துவிட்டாள். தலைவர் மெச்சித் தலையாட்டினார். எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

பத்து நிமிடத்தில் எங்கள் குடியிருப்பு வாட்ச்மேனின் மனைவி கூப்பிட்டாள்.

"யம்மா, எங்க கீற நீ? பெரியவருக்கு வாய் கோணிக்கினு கீது. பாப்பாதான் ஓடியாந்து சொல்லிச்சு. ஆட்டோல ஏத்திக்கினு போய்க்கினு கீறோம். நேரா ஆஸ்பத்திரிக்கு வந்துரு."

பக்கவாதம். இன்னும் கொஞ்சம் தாமதித்திருந்தால், என்று ஆரம்பித்த டாக்டர் என் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார். அப்பா பிழைத்தார். வலக்கைக்கு மட்டும் உயிர் திரும்பவில்லை.

அடுத்த வாரம் தலைவர் ஃபோனில் நலம் விசாரித்தார். "குழந்தை 'மூர்ச்சை ஆயிட்டார்'னு சொல்லியிருந்தா நீங்க உடனே கிளம்பியிருப்பேளே" என்றார். அவர் பேசிக்கொண்டிருக்கும்போதே வைத்துவிட்டேன்.

வீட்டுச் சட்டத்தை எடுத்துவிட்டேன், எப்படி வேண்டுமானாலும் பேசு என்று மகளிடம் சொன்னேன். அவளோ நான் கேட்டதற்கு மட்டும், சுத்தமான தமிழில் பதில் சொல்கிறாள். போன மாதம் பள்ளி மைதானத்தில் விழுந்து கால் பிசகியபோது, வீட்டில் யாரைக் கூப்பிடுவது என்று ஆசிரியை கேட்டாராம். வாட்ச்மேன் மனைவியின் எண்ணைக் கொடுத்திருக்கிறாள்.